தலைமை நீதிபதி யாருக்கு மேலதிகாரி?

2025 ஆகஸ்டில் வந்த தெருநாய் வழக்கு ஞாபகம் இருக்கும். டெல்லியிலும் அதன் சுற்றுவட்டாரத்திலும் திரியும் நாய்களையெல்லாம் பிடித்துக் காப்பகத்தில் அடையுங்கள், திரும்பத் தெருவில் விடக் கூடாது என்று 11ஆம் தேதி உச்ச நீதிமன்றத்தின் இரண்டு நீதிபதிகள் உத்தரவு போட்டார்கள். வீட்டுக்கு வீடு சண்டை மூட்டிய உத்தரவு அது. 22ஆம் தேதி அதே உச்ச நீதிமன்றம் அதை மாற்றியது. கருத்தடையும் தடுப்பூசியும் முடித்துப் பிடித்த இடத்திலேயே விட்டுவிடலாம், வெறிநோய் கண்டதையும் மூர்க்கமானதையும் மட்டும் விடக் கூடாது என்றது.

நடுவில் என்ன நடந்தது? அப்போதைய தலைமை நீதிபதி பி.ஆர். கவாய், வழக்கை அந்த இருவரிடமிருந்து எடுத்து வேறு மூன்று நீதிபதிகளிடம் கொடுத்தார். அவ்வளவுதான். இரண்டு உத்தரவிலும் அவர் கையெழுத்து இல்லை.

அதே மாதம், அதே இரண்டு நீதிபதிகள் தொடர்பாக இன்னொரு விவகாரமும் கிளம்பியிருந்தது. அலகாபாத் உயர் நீதிமன்ற நீதிபதி ஒருவருக்கு இனி கிரிமினல் வழக்குகளே ஒதுக்கக் கூடாது என்று 4ஆம் தேதி ஓர் உத்தரவில் எழுதியிருந்தார்கள். அங்கே நீதிபதிகள் கொந்தளித்தார்கள். தலைமை நீதிபதி கவாய் அந்த உத்தரவை ரத்து செய்யவில்லை. மறுபரிசீலனை செய்யும்படி அவர்களுக்குக் கடிதம் எழுதினார். 8ஆம் தேதி அவர்களே அந்தப் பத்திகளை நீக்கினார்கள். உயர் நீதிமன்றத்தில் யாருக்கு எந்த வேலை என்பதை முடிவுசெய்வது அந்த உயர் நீதிமன்றத்தின் தலைமை நீதிபதிதான் என்றும் ஒப்புக்கொண்டார்கள்.

ஓரிடத்தில் ஒரு வரிகூட எழுதாமல் நாட்டையே கலக்கிய உத்தரவின் போக்கைத் திருப்பக்கூடியவர், இன்னோரிடத்தில் சக நீதிபதிகளிடம் கடிதம் எழுதிக் கேட்க வேண்டியவர். இரண்டுமே ஒரே பதவியின் இயல்பு. இது புரியாமல்தான் 'தலைமை நீதிபதி நினைத்தால் என்ன வேண்டுமானாலும் செய்யலாம்' என்று ஒரு பக்கமும், 'அவரும் முப்பத்துச் சொச்சம் பேரில் ஒருவர்தானே' என்று இன்னொரு பக்கமும் பேசிக்கொண்டிருக்கிறோம்.

டைம்டேபிள் போடுகிறவர்

பள்ளிக்கூடத் தலைமை ஆசிரியரை எடுத்துக்கொள்ளுங்கள். பத்தாம் வகுப்பு 'பி' பிரிவுக்குக் கணக்கு யார் எடுப்பது, எந்தப் பீரியடில் எடுப்பது என்று டைம்டேபிள் போடுவது அவர். ஆனால் கணக்கு வாத்தியார் திருத்திய விடைத்தாளில் மதிப்பெண்ணைக் கூட்டவோ குறைக்கவோ அவர் கை வைப்பதில்லை. அவரும் ஏதோ ஒரு வகுப்புக்குப் பாடம் எடுப்பார். அங்கே மட்டும் அவர் போடும் மதிப்பெண் செல்லும். கேட்க சாதாரணமாக இருக்கிறது. ஆனால் எந்த வாத்தியார் தாராளமாகப் போடுவார், யார் கறாராகத் திருத்துவார் என்று பள்ளிக்கூடம் முழுக்கத் தெரிந்திருக்கும்போது, டைம்டேபிள் வெறும் கட்டம் போட்ட தாளாக இருப்பதில்லை.

உச்ச நீதிமன்றத்தில் அந்த டைம்டேபிளுக்கு ரோஸ்டர் என்று பெயர். எந்த வகை வழக்கு எந்த நீதிபதிகளிடம் போகும் என்ற ஒதுக்கீட்டுப் பட்டியல் அது. வழக்கைச் சேர்ந்து கேட்கும் நீதிபதிகள் குழுவுக்கு அமர்வு என்று பெயர். 2019இல் உச்ச நீதிமன்ற நீதிபதிகளின் எண்ணிக்கை, தலைமை நீதிபதியையும் சேர்த்து, 34 ஆக உயர்த்தப்பட்டது. இந்த 34 பேரும் ஒன்றாக உட்கார்ந்து வழக்கு கேட்பதே இல்லை. பெரும்பாலும் இரண்டிரண்டு பேராக, சில சமயம் மூன்று பேராகப் பிரிந்து, ஒரே நேரத்தில் பத்துக்கும் மேற்பட்ட அறைகளில் உட்காருவார்கள். 'உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது' என்று செய்தியில் வந்தால், பெரும்பாலும் இரண்டு பேர் சொல்லியிருக்கிறார்கள் என்று பொருள்.

அந்த இரண்டு பேர் யார், வழக்கு இருவருக்கா, மூவருக்கா, ஐவருக்கா என்று முடிவுசெய்வது தலைமை நீதிபதி. அரசியல் சாசனத்துக்கு விளக்கம் சொல்ல வேண்டிய முக்கியமான சட்டக் கேள்வி இருந்தால் குறைந்தது ஐந்து பேர் கேட்க வேண்டும் என்கிறது சாசனத்தின் 145ஆவது பிரிவு. அதற்கு அரசியல் சாசன அமர்வு என்று பெயர். ஆனால் 'குறைந்தது ஐந்து' என்பதோடு பிரிவு நின்றுவிடுகிறது. எந்த ஐந்து பேர் என்று சொல்வதில்லை.

இதே ஏற்பாடுதான் சென்னை உயர் நீதிமன்றத்திலும். அங்கே தலைமை நீதிபதி உட்காரும் அமர்வை வக்கீல்கள் 'பர்ஸ்ட் பெஞ்ச்' என்பார்கள். சில மாதங்களுக்கு ஒருமுறை யாருக்கு ஜாமீன், யாருக்கு ரிட், யார் மதுரைக் கிளைக்கு என்று பட்டியல் மாறும். 'ரோஸ்டர் மாறட்டும், அப்புறம் ஃபைல் பண்ணலாம்' என்று பொறுத்திருக்கும் வக்கீல்களை எந்த நீதிமன்ற வளாகத்திலும் பார்க்கலாம். சட்டப் புத்தகத்தில் இல்லாத பாடம் அது.

தலைமை ஆசிரியர் உதாரணம் ஓரிடத்தில் மட்டும் பொருந்தாது. தலைமை ஆசிரியர் ஆசிரியருக்கு மெமோ கொடுக்கலாம். தலைமை நீதிபதியால் சக நீதிபதிக்கு மெமோ கொடுக்க முடியாது. சம்பளத்தைப் பார்த்தாலே தெரியும். 2016 முதல் அமலான கணக்கில் தலைமை நீதிபதிக்கு மாதம் 2,80,000 ரூபாய், மற்ற உச்ச நீதிமன்ற நீதிபதிக்கு 2,50,000. மேலதிகாரிக்கும் கீழ்நிலை ஊழியருக்கும் உள்ள இடைவெளி இல்லை இது.

ஓட்டு ஒன்றுதான்

அமர்வில் உட்கார்ந்துவிட்டால் தலைமை நீதிபதிக்கும் ஓர் ஓட்டுத்தான். கூடுதல் மதிப்பு கிடையாது. தானே அமைத்த அமர்வில் தானே தோற்ற தலைமை நீதிபதிகள் உண்டு.

2017 ஆகஸ்ட் 22, முத்தலாக் தீர்ப்பு. ஜே.எஸ். கேஹர் அமைத்த ஐவர் அமர்வில் ஒரு சீக்கியர், ஒரு கிறிஸ்தவர், ஒரு பார்சி, ஓர் இந்து, ஒரு முஸ்லிம். யதேச்சையாக அமைந்தது என்று நம்புவது கஷ்டம். மூன்று பேர் உடனடி முத்தலாக் செல்லாது என்றார்கள். கேஹர் மற்ற இருவரில் ஒருவர். 2022 நவம்பர் 7, பொருளாதாரத்தில் பின்தங்கிய முற்பட்ட வகுப்பினருக்கான 10 சதவீத இட ஒதுக்கீடு. மூன்று பேர் செல்லும் என்றார்கள், தலைமை நீதிபதி யு.யு. லலித்தும் இன்னொருவரும் செல்லாது என்றார்கள். 2023 அக்டோபர் 17, தன்பாலினத் திருமண வழக்கு. டி.ஒய். சந்திரசூட் அமர்வை அமைத்தார், தலைமை தாங்கினார், நீளமாக எழுதினார். சேர்ந்து வாழும் உரிமை தொடர்பான முக்கியக் கேள்விகளில் அவர் எழுதியது சிறுபான்மைத் தீர்ப்பாக முடிந்தது.

பெரும்பான்மையோடு ஒத்துப்போகாமல் ஒரு நீதிபதி தனியாக எழுதுவது மாற்றுத் தீர்ப்பு. அது அந்த வழக்கில் யாரையும் கட்டுப்படுத்தாது. எழுதியவர் தலைமை நீதிபதியாகவே இருந்தாலும் சரி.

ஆக, இதுவரை பார்த்தது: தீர்ப்பு சொல்வதில் அவர் மற்றவர்களுக்குச் சமம். தீர்ப்பு சொல்லப்போகிறவர்களைத் தேர்ந்தெடுப்பதில் அவருக்குச் சமமானவர் யாரும் இல்லை.

நான்கு நீதிபதிகள் புல்வெளியில்

இந்த அதிகாரம் எவ்வளவு பெரியது என்பது 2018 ஜனவரி 12 அன்றுதான் பொதுமக்களுக்குத் தெரிந்தது. அப்போது இரண்டாவது இடத்தில் இருந்த மூத்த நீதிபதி செலமேஸ்வரின் டெல்லி வீட்டுப் புல்வெளியில், அவரும் ரஞ்சன் கோகோய், மதன் லோகூர், குரியன் ஜோசப் ஆகியோரும் பத்திரிகையாளர்களைக் கூப்பிட்டுப் பேசினார்கள். பதவியில் இருக்கும் உச்ச நீதிமன்ற நீதிபதிகள் இப்படிச் செய்வது அதற்கு முன் நடந்ததில்லை. தலைமை நீதிபதி தீபக் மிஸ்ராவுக்குத் தாங்கள் எழுதிய கடிதத்தையும் வெளியிட்டார்கள். அதன் சாரம்: நாட்டுக்கே பின்விளைவு உள்ள வழக்குகள், காரணம் ஏதும் இல்லாமல், தேர்ந்தெடுத்த சில அமர்வுகளுக்குப் போகின்றன. தலைமை நீதிபதி சமமானவர்களில் முதலாமவர். அதற்கு மேலும் இல்லை, கீழும் இல்லை.

இதற்கு இரண்டு மாதம் முன்புதான், 2017 நவம்பரில், இன்னொரு மோதல். மருத்துவக் கல்லூரி லஞ்ச விவகாரம் தொடர்பான மனு ஒன்றை மூத்த நீதிபதிகள் ஐவர் கேட்க வேண்டும் என்று செலமேஸ்வர் அமர்வு 9ஆம் தேதி உத்தரவிட்டது. மறுநாளே மிஸ்ரா தலைமையில் ஐவர் அமர்வு கூடி அதை ரத்து செய்தது. ரோஸ்டருக்கு எஜமான் தலைமை நீதிபதி மட்டுமே, வேறு எந்த அமர்வும் அமர்வு அமைக்க முடியாது என்றது.

பிறகு மூத்த வழக்கறிஞர் சாந்தி பூஷண் ஒரு மனுப் போட்டார். வழக்கு ஒதுக்கீட்டைத் தலைமை நீதிபதி தனியாகச் செய்யாமல் மூத்த நீதிபதிகளோடு சேர்ந்து செய்ய வேண்டும் என்பது கோரிக்கை. 2018 ஜூலை 6 அன்று அது நிராகரிக்கப்பட்டது. ஒவ்வொரு வழக்குக்கும் ஒரு குழு கூடி முடிவெடுப்பது நடைமுறைக்கு ஒத்துவராது என்பது நீதிமன்றத்தின் பதில். அதில் நியாயம் இருக்கிறது. அவரவர் தனக்குப் பிடித்த வழக்கை எடுத்துக்கொள்ளலாம் என்று விட்டால் நீதிமன்றம் சந்தைக்கடை ஆகிவிடும், யாரோ ஒருவர் பிரித்துக்கொடுத்துத்தான் ஆக வேண்டும்.

ஆனாலும் எனக்கு ஒன்று மட்டும் செரிக்கவில்லை. ஒரு நீதிபதியை நியமிக்க ஐந்து மூத்தவர்கள் கூடி உட்கார வேண்டும். நாட்டின் தலையெழுத்தை மாற்றும் வழக்கை எந்த நீதிபதிகள் கேட்பது என்பதை ஒருவரே, காரணம் எழுதாமல், முடிவு செய்யலாம். அந்தப் புல்வெளிச் சலசலப்புக்குப் பிறகு 2018 பிப்ரவரியில் ரோஸ்டரை இணையதளத்தில் வெளியிட ஆரம்பித்தார்கள். பொதுநல வழக்குகள் அந்தப் பட்டியலில் தலைமை நீதிபதியின் அமர்வுக்கே ஒதுக்கப்பட்டிருந்தன.

எப்போது கேட்பது என்பதும் ஒரு தீர்ப்பு

யார் கேட்பது என்பதைவிட அதிகம் பேசப்படாதது, எப்போது கேட்பது என்பது.

2016 நவம்பர் 8 இரவு 500, 1000 ரூபாய் நோட்டுகள் செல்லாது என்று அறிவிப்பு வந்தது. டிசம்பர் 16 அன்று உச்ச நீதிமன்றம் ஒன்பது கேள்விகளை எழுதி, ஐவர் அமர்வு இதைக் கேட்கட்டும் என்றது. அந்த ஐவர் அமர்வு கூடி வழக்கைக் கேட்டது 2022இல். தீர்ப்பு 2023 ஜனவரி 2. நான்கு பேர் நடவடிக்கை சரி என்றார்கள், பி.வி. நாகரத்னா மட்டும் அது சட்டப்படி நடக்கவில்லை என்று மாற்றுத் தீர்ப்பு எழுதினார். ஐந்து பேருமே தவறு என்று சொல்லியிருந்தாலும் அப்போது யாருக்கு என்ன திரும்பக் கிடைத்திருக்கும்? பழைய நோட்டு போய் ஆறு வருடம் ஆகியிருந்தது.

ஜம்மு காஷ்மீரின் சிறப்பு அந்தஸ்து ரத்தானது 2019 ஆகஸ்ட் 5. வழக்கின் இறுதி விசாரணை தொடங்கியது 2023 ஆகஸ்ட் 2. தேர்தல் பத்திரங்களை எதிர்த்த மனுக்கள் 2017இலேயே வந்தன, தீர்ப்பு 2024 பிப்ரவரி 15. இந்த ஆண்டுகளில் பதவிக்கு வந்துபோன ஒவ்வொரு தலைமை நீதிபதிக்கும் இந்த வழக்குகளைப் பட்டியலில் ஏற்றும் அதிகாரம் இருந்தது. ஏற்றாமல் இருந்ததற்கு எந்த உத்தரவும் கிடையாது, காரணமும் கிடையாது. அதனால் மேல்முறையீடும் கிடையாது.

மறுபக்கமும் உண்டு. லலித் தலைமை நீதிபதியாக இருந்தது 2022இல் வெறும் 74 நாள். வந்த உடனே, ஆண்டுக்கணக்கில் தூங்கிக்கொண்டிருந்த அரசியல் சாசன அமர்வு வழக்குகளை வரிசையாகப் பட்டியலில் ஏற்றினார். பணமதிப்பு நீக்க வழக்கு அசைந்தது அந்த நாட்களில்தான்.

ஒதுக்கீட்டு அதிகாரம் வெறும் வாயாலேயே தோற்ற கதையும் ஒன்று சொல்ல வேண்டும். அதில் நம்மூர்க்காரர் ஒருவர் வருகிறார். 1973 ஏப்ரல் 24 அன்று கேசவானந்த பாரதி வழக்கில் 13 நீதிபதிகள், 7க்கு 6 என்ற கணக்கில், நாடாளுமன்றம் சாசனத்தைத் திருத்தலாம், ஆனால் அதன் அடிப்படைக் கட்டமைப்பைச் சிதைக்க முடியாது என்றார்கள். 1975 நவம்பரில், நெருக்கடி நிலைக் காலத்தில், தலைமை நீதிபதி ஏ.என். ரே அதை மறுபடி பரிசீலிக்க இன்னொரு 13 பேர் அமர்வைக் கூட்டினார். யார் கேட்டதால் இந்த மறுபரிசீலனை என்ற கேள்வி எழுந்தது. தமிழ்நாடு அரசு கேட்டது என்றார் ரே. தமிழ்நாடு அரசின் தலைமை வழக்கறிஞரான அட்வகேட் ஜெனரல் கோவிந்த் சுவாமிநாதன் எழுந்து, நாங்கள் அப்படிக் கேட்கவே இல்லை என்றார். மறுபரிசீலனையே கூடாது என்று வழக்கறிஞர் நானி பால்கிவாலாவின் வாதம் வேறு இன்னொரு பக்கம். மூன்றாம் நாள் அமர்வையே கலைத்துவிட்டு எழுந்தார் ரே. 13 பேரைக் கூட்டும் அதிகாரம் அவருக்கு இருந்தது. அவர்களைத் தன்னோடு இழுத்துப்போகும் அதிகாரம் இல்லை.

நாற்காலி வரை வரும் வழி

தலைமை நீதிபதியை யாரும் தேர்தலில் தேர்ந்தெடுப்பதில்லை, திறமைப் பட்டியலும் போடுவதில்லை. சீனியாரிட்டிதான். அதாவது உச்ச நீதிமன்றத்தில் யார் முதலில் பதவி ஏற்றாரோ அவர் முன்னால். ஓய்வு பெறப்போகும் தலைமை நீதிபதியிடம் சட்ட அமைச்சர் பெயர் கேட்பார், அவர் அடுத்த மூத்தவர் பெயரை எழுதுவார், குடியரசுத் தலைவர் நியமிப்பார். இந்த வழக்கம் சாசனத்தில் எழுதப்பட்டதல்ல. சாசனம் எழுதி வைத்திருப்பது 65 வயதில் ஓய்வு என்பதை மட்டும்.

ஆகவே ஒருவர் தலைமை நீதிபதி ஆவாரா, எத்தனை நாள் இருப்பார் என்பதை இரண்டு தேதிகள் முடிவு செய்கின்றன: உச்ச நீதிமன்றத்துக்கு வந்த தேதி, பிறந்த தேதி. ஒய்.வி. சந்திரசூட் 1978 முதல் 1985 வரை ஏழு வருடத்துக்கு மேல் இருந்தார். கமல் நாராயண் சிங் 1991 நவம்பர் 25இல் வந்து டிசம்பர் 12இல் போனார். 2021 ஆகஸ்ட் 31 அன்று ஒரே நாளில் ஒன்பது நீதிபதிகள் பதவி ஏற்றார்களே, அதில் யார் முதலில் எழுந்து உறுதிமொழி எடுத்தார் என்ற வரிசைகூடக் கணக்கில் வரும். அந்த வரிசைப்படி நடந்தால் 2027 செப்டம்பரில் நாகரத்னா இந்தியாவின் முதல் பெண் தலைமை நீதிபதி ஆவார். அவருக்குக் கிடைக்கப்போவது ஒரு மாதமும் சில நாட்களும். ரோஸ்டரைக் கையில் வாங்கிப் பார்ப்பதற்குள் வழியனுப்பு விழா வந்துவிடும்.

எழுதப்படாத இந்த வழக்கத்தை எதற்காகக் கட்டிக்காக்க வேண்டும் என்று கேட்பவர்கள் உண்டு. அதற்குப் பதில் 1973இல் இருக்கிறது. கேசவானந்த பாரதி தீர்ப்பு வந்த மறுநாளே, அரசுக்கு எதிராகத் தீர்ப்பு எழுதிய ஷேலத், ஹெக்டே, குரோவர் ஆகிய மூன்று மூத்தவர்களைத் தாண்டி ஏ.என். ரேயைத் தலைமை நீதிபதியாக அறிவித்தார்கள். மூவரும் ராஜினாமா செய்தார்கள். 1976இல் நெருக்கடி நிலையின்போது, காரணமின்றிச் சிறை வைக்கப்பட்டவர் நீதிமன்றத்தின் கதவைத் தட்ட முடியுமா என்று கேள்வி வந்தது. ஐந்து பேரில் நான்கு பேர் முடியாது என்றார்கள். எச்.ஆர். கன்னா ஒருவர் மட்டும் முடியும் என்று எழுதினார். 1977 ஜனவரியில் அவரைத் தாண்டி எம்.எச். பெக் நியமிக்கப்பட்டார். கன்னாவும் ராஜினாமா.

நல்லவர், திறமையானவர் என்று பார்த்துத் தேர்ந்தெடுக்கலாமே என்பது கேட்க நன்றாக இருக்கும். பார்த்துத் தேர்ந்தெடுப்பது யார் என்று கேட்டால் பேச்சு நின்றுவிடுகிறது. 17 நாள் தலைமை நீதிபதி என்பது கேலிக்கூத்துத்தான். ஆனால் 1973ஐவிடச் சின்னக் கேலிக்கூத்து.

கொலீஜியம்: ஐந்தில் ஒருவர்

ரோஸ்டர் அளவுக்குப் பெரிய இரண்டாவது அதிகாரம், நீதிபதிகளைத் தேர்ந்தெடுப்பது. இங்கே அவர் தனி ஆள் இல்லை. தலைமை நீதிபதியும் அவருக்கு அடுத்த நான்கு மூத்தவர்களும் சேர்ந்த குழுவுக்குக் கொலீஜியம் என்று பெயர். உச்ச நீதிமன்றத்துக்கு யாரை எடுப்பது என்று இந்த ஐவரும், உயர் நீதிமன்ற நியமனங்களை முதல் மூவரும் பரிந்துரைப்பார்கள்.

சாசனத்தில் இந்தச் சொல் இல்லை. நீதிபதிகளைக் 'கலந்தாலோசித்து' குடியரசுத் தலைவர் நியமிப்பார் என்றுதான் இருக்கிறது. 1981இல் உச்ச நீதிமன்றமே அரசின் கைதான் மேலே என்றது. 1993இல் ஒன்பது நீதிபதிகள் அதைத் தலைகீழாக்கினார்கள். 1998இல் ஐந்து பேர் குழு என்ற வடிவம் வந்தது. 2015இல் இதற்குப் பதிலாக ஆணையம் அமைக்க நாடாளுமன்றம் கொண்டுவந்த சட்டத்தை 4க்கு 1 என்று ரத்து செய்தார்கள். அந்த ஒருவர் செலமேஸ்வர்.

கொலீஜியத்தைக் கூட்டுவதும், யார் பெயரைப் பேசுவது என்று எடுத்துவைப்பதும் தலைமை நீதிபதி. முடிவு அவர் கையில் மட்டும் இல்லை. 2022இல் லலித், நேரில் கூடாமல் கடிதச் சுற்றில் சில பெயர்களுக்கு ஒப்புதல் கேட்டார். இரண்டு பேர் அந்த முறையே சரியில்லை என்றார்கள். பெயர்கள் அப்படியே கிடப்பில் போயின. ஒப்புதல் கிடைத்தாலும் கோப்பு அரசிடம் போக வேண்டும், அங்கே மாதக்கணக்கில் தூங்கலாம்.

சுருக்கமாக: அமர்வு அமைப்பதில் தனி அதிகாரம். ஆள் எடுப்பதில் ஐந்தில் ஒன்று. தீர்ப்பில் உட்கார்ந்திருக்கும் எண்ணிக்கையில் ஒன்று.

அவரால் முடியாதவை

நீதிபதியை நீக்க அவரால் முடியாது. நாடாளுமன்றத்தின் இரு அவைகளும் சிறப்புப் பெரும்பான்மையோடு தீர்மானம் போட வேண்டும். 1990இல், தமிழ்நாட்டைச் சேர்ந்த நீதிபதி வி. ராமசாமி மீது, அவர் பஞ்சாப் ஹரியானா உயர் நீதிமன்றத் தலைமை நீதிபதியாக இருந்த காலத்துச் செலவுகள் பற்றிக் குற்றச்சாட்டு வந்தபோது, தலைமை நீதிபதி சவ்யசாசி முகர்ஜி செய்ய முடிந்தது ஒன்றுதான்: விவகாரம் முடியும்வரை வழக்கு கேட்க வேண்டாம் என்று அறிவுரை சொன்னார், அதைத் திறந்த நீதிமன்றத்தில் அறிவித்தார். 1993இல் மக்களவையில் தீர்மானம் தோற்றது, ராமசாமி நீதிபதியாகவே ஓய்வு பெற்றார்.

மாவட்ட நீதிபதியோ மாஜிஸ்திரேட்டோ இவருக்குக் கீழே இல்லை, அவர்கள் அந்தந்த உயர் நீதிமன்றத்தின் கட்டுப்பாட்டில் இருக்கிறார்கள். 'எங்கள் ஊர் கோர்ட்டில் வாய்தா மேல் வாய்தா' என்று டெல்லிக்கு மனு எழுதுவதில் பலன் இல்லாதது அதனால்தான்.

செல்வாக்கு எங்கிருந்து வருகிறது

நீதித்துறையில் ஆழமாகப் பதிந்தவர்களைப் பார்த்தால், பலருடைய பெரிய வேலை தலைமை நீதிபதி ஆவதற்கு முன் நடந்திருக்கிறது. சிலர் ஆகவே இல்லை.

பதஞ்சலி சாஸ்திரி சென்னையிலிருந்து போனவர், இரண்டாவது தலைமை நீதிபதி. பேச்சுரிமை பற்றிய ஆரம்பகாலத் தீர்ப்புகளில் முக்கியமான ஒன்றை அவர் எழுதியது 1950 மே மாதத்தில், சாதாரண நீதிபதியாக இருந்தபோது. 'கிராஸ்ரோட்ஸ்' என்ற பத்திரிகை சென்னை மாகாணத்துக்குள் வரக் கூடாது என்று மாகாண அரசு போட்ட தடையை அந்தத் தீர்ப்பு உடைத்தது. தலைமை நீதிபதியான பின் 1952இல், சென்னை அரசுக்கும் வி.ஜி. ராவுக்கும் இடையிலான வழக்கில், அடிப்படை உரிமைகளுக்கு நீதிமன்றம் விழிப்பான காவல்காரன் என்று எழுதினார். இரண்டுமே இன்றும் மேற்கோள் காட்டப்படுகின்றன. எழுதியபோது என்ன பதவி என்று யாரும் பார்ப்பதில்லை.

கே. சுப்பா ராவ் சென்னைச் சட்டக் கல்லூரியில் படித்து, சென்னை உயர் நீதிமன்றத்தில் நீதிபதியாக இருந்தவர், பின்னால் இந்தியாவின் தலைமை நீதிபதி ஆனவர். 1962இல், போலீஸ் ஒருவரை விடாமல் கண்காணிப்பது தனிமனித சுதந்திரத்தைப் பறிப்பது, அந்தரங்கம் அதில் அடக்கம் என்று அவர் எழுதிய மாற்றுத் தீர்ப்பு அன்றைக்கு எடுபடவில்லை. 2017 ஆகஸ்ட் 24 அன்று ஒன்பது நீதிபதிகள் அந்தரங்கம் அடிப்படை உரிமைதான் என்று ஒருமனதாகச் சொன்னபோது அவர் எழுதியதே நிலைத்தது. அதே நாளில் கன்னாவின் 1976 மாற்றுத் தீர்ப்பும் ஜெயித்தது. அந்த நெருக்கடி நிலைத் தீர்ப்பு தவறு என்று எழுதியவர் டி.ஒய். சந்திரசூட். தவறு என்று அவர் எழுதிய தீர்ப்பில் கையெழுத்துப் போட்டிருந்தவர்களில் ஒருவர் அவருடைய அப்பா ஒய்.வி. சந்திரசூட். தலைமை நீதிபதி ஆகாத கன்னாவின் படம் உச்ச நீதிமன்றத்தின் 2ஆம் எண் அறையில் மாட்டப்பட்டிருக்கிறது.

தலைமை நீதிபதியாக இருந்தபோதே தடம் பதித்தவர்களும் உண்டு. நமக்குப் பக்கத்திலேயே உதாரணம், ஈரோடு மாவட்டம் காடப்பநல்லூரைச் சேர்ந்த பி. சதாசிவம், 2013-14இல் பதவியில் இருந்தவர். கருணை மனுவை முடிவெடுக்காமல் ஆண்டுக்கணக்கில் இழுத்தடித்தால் தூக்குத் தண்டனையை ஆயுளாகக் குறைக்கலாம் என்று 2014 ஜனவரியில் அவர் அமர்வு 15 பேரின் தூக்கை ரத்து செய்தது. அதே தர்க்கத்தில் பிப்ரவரி 18 அன்று பேரறிவாளன், சாந்தன், முருகன் மூவரின் தூக்கும் ஆயுளாயிற்று.

ஓய்வுக்குப் பிறகு

உச்ச நீதிமன்ற நீதிபதியாக இருந்தவர் பிறகு இந்தியாவின் எந்த நீதிமன்றத்திலும் வாதாடக் கூடாது என்கிறது சாசனத்தின் 124ஆவது பிரிவு. வேறு பதவி வாங்கக் கூடாது என்று அது சொல்லவில்லை. சுப்பா ராவ் 1967இல் பதவியை விட்டு நேரே குடியரசுத் தலைவர் தேர்தலில் எதிர்க்கட்சி வேட்பாளராக நின்று ஜாகிர் உசேனிடம் தோற்றார். சதாசிவம் ஓய்வு பெற்ற ஆண்டே கேரள ஆளுநர் ஆனார். ரஞ்சன் கோகோய் 2019 நவம்பரில் தலைமை நீதிபதியாக ஓய்வு பெற்று, 2020 மார்ச்சில் மாநிலங்களவை நியமன உறுப்பினர் ஆனார். புல்வெளியில் உட்கார்ந்திருந்த நால்வரில் ஒருவர் அவர் என்பதை நினைவில் வையுங்கள்.

வழக்கை யாரிடம் கொடுப்பது, எப்போது கேட்பது என்று காரணம் எழுதாமல் முடிவெடுத்த ஒருவர், அந்த வழக்குகளில் எதிரில் நின்ற அரசிடமிருந்து சில மாதங்களில் பதவி பெறுவது முறையா என்பதில் என் பதில் 'இல்லை'. குறைந்தது இரண்டு வருட இடைவெளியாவது வேண்டும். கவாய் பதவியில் இருந்தபோதே, ஓய்வுக்குப் பின் அரசு தரும் எந்தப் பதவியையும் ஏற்கமாட்டேன் என்று பகிரங்கமாகச் சொன்னார். அது அவர் தனக்குத்தானே போட்டுக்கொண்ட விதி. அடுத்து வந்தவரை அது கட்டுப்படுத்தாது.